துறையூர்க் காணிக்குத் தலவாக்கலையிலிருந்து ஒரு கையெழுத்து

சித்தப்பா மகன் பொங்கலுக்கும் சாவுக்கும்தான் தமிழ்நாட்டுத் துறையூரிலிருந்து அழைப்பான். போன மாசியில் இரண்டும் இல்லாத ஒரு நாளில் அழைத்தான். “அண்ணா, நீங்களும் அத்தை பிள்ளைகளும் ஒரு கையெழுத்துப் போட்டால் போதும், நிலம் என் பெயருக்கு வந்துவிடும்” என்றான். எதில் கையெழுத்து என்று கேட்டேன். அவனிடம் நான்கு விடைகள் இருந்தன. இ-சேவை மையத்தில் ஒருவர், பட்டா மாற்றினால் போதும் என்றிருக்கிறார். பத்திர எழுத்தர், பங்கை விட்டுக்கொடுக்கும் விடுதலைப் பத்திரம் என்றிருக்கிறார். ஒரு வழக்கறிஞர் வழக்குப் போடச் சொல்லியிருக்கிறார். ஐம்பது வருடம் உழுதவனுக்கு எவர் கையெழுத்தும் வேண்டாம், நிலம் தானாகவே அவனுடையது என்று ஊர்ப் பெரியவர் ஒருவர் தீர்ப்பே சொல்லிவிட்டாராம்.

அவன் அவசரத்துக்குக் காரணம் உண்டு. இந்திய மத்திய அரசு விவசாயக் குடும்பங்களுக்கு ஆண்டுக்கு 6,000 ரூபாயை மூன்று தவணையாக வங்கியில் போடுகிறது. பக்கத்து வயல்காரருக்கு வருகிறது, இவனுக்கு வரவில்லை. பட்டா இன்னும் எங்கள் தாத்தா பெயரில் இருக்கிறது. பயிர்க்கடன் கேட்டுப் போனாலும் அதே பதில்தான்.

நான் இலங்கை மலையகத்து ஹட்டனில் ஒரு நொத்தாரிசிடம் (நோட்டரியிடம்) இருபத்திரண்டு ஆண்டுகள் எழுதுவினைஞராக இருந்தவன். உறுதி (காணிப் பத்திரம்) எழுதுவதும் காணிப் பதிவகத்தில் ஏடு புரட்டுவதும்தான் தொழில். எனக்குத் தெரியாத காணி விவகாரமா என்ற மிதப்போடு அவனுடைய காகிதங்களைக் கையில் எடுத்தேன். ஒரு வாரத்தில் அந்த மிதப்பு இறங்கிவிட்டது. மலையகத்தில் எங்களைப் போலக் கடலுக்கு அந்தப் பக்கம் ஒரு துண்டு நிலத்தை விட்டுவிட்டு உட்கார்ந்திருக்கும் குடும்பங்கள் பல என்பதால், நான்கு வழிகளையும் எடைபோட்டுப் பார்த்ததை எழுதுகிறேன்.

முதலில் காகிதம். தாத்தா இங்கே உழைத்துச் சேர்த்த காசை ஊருக்கு அனுப்பி ஓர் ஏக்கர் நன்செய்யும் இரண்டு ஏக்கர் புன்செய்யும் வாங்கினார். அந்தக் கிரயம் முறையாகப் பதிவானது. 1968இல் தலவாக்கலைக்குப் பக்கத்துத் தோட்டத்தில், உயில் எதுவும் எழுதாமல் இறந்தார். பாட்டி அதற்கு முன்பே போய்விட்டார். பிள்ளைகள் மூவர்: அப்பா, சித்தப்பா, அத்தை. 1964 ஒக்டோபரில் கையெழுத்தான சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் இலங்கையிலிருந்த இந்திய வம்சாவளியினரில் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் என்று பங்கு பிரித்தபோது, ஒரே லயத்து வீட்டிலிருந்த (தோட்டத் தொழிலாளர் வரிசை வீடு) அப்பா இலங்கைக்கு விண்ணப்பித்தார். சித்தப்பா இந்தியாவுக்கு விண்ணப்பித்தார். சித்தப்பா கப்பலேறும் முன், 1971இல், லயத்து வாசலில் உட்கார்ந்து ஒரு கூர்ச்சீட்டு, அதாவது பங்கு பிரிக்கும் சீட்டு, எழுதினார்கள். இந்தியாவில் உள்ள பூமி இன்று முதல் தம்பிக்குப் பாத்தியம், இங்கே உள்ள இரண்டு மாடும் நகையும் அண்ணனுக்குப் பாத்தியம் என்று ஒரு பக்கம். அண்ணன், தம்பி கையெழுத்து. சாட்சியாகத் தோட்டத் தலைவரும் கணக்கப்பிள்ளையும். அத்தையின் கையெழுத்து இல்லை. அத்தைக்குக் கல்யாணம் முடிந்துவிட்டது, அவ்வளவுதான் அன்றைய நியாயம்.

எங்கள் வீட்டில் அந்தக் காகிதத்தை ‘உறுதி’ என்றே சொல்லி வந்தோம். றங்குப் பெட்டியில் இருந்த அதன் பிரதி பூச்சி அரித்துவிட்டது. சித்தப்பா கொண்டு போன பிரதி துறையூரில் பத்திரமாக இருக்கிறது.

இரண்டு நாட்டுச் சட்டமும் தலைகீழ்

நம்மவர்கள் அடிக்கடி வழுக்கி விழும் இடம் இது. இலங்கையில் காணி கைமாற வேண்டுமென்றால் நொத்தாரிசும் இரண்டு சாட்சிகளும் வேண்டும். 1840ஆம் ஆண்டின் 7ஆம் இலக்க மோசடித் தடுப்புக் கட்டளைச் சட்டம் அன்றிலிருந்து இன்றுவரை அதைத்தான் சொல்கிறது. எழுதிய உறுதியைக் காணிப் பதிவகத்தில் பதியாமல் விட்டாலும் அது செத்துப்போவதில்லை. அதே காணிக்குப் பின்னால் உறுதி வாங்கிய இன்னொருவர் முந்திக்கொண்டு பதிந்துவிட்டால்தான் முன்னுரிமை பறிபோகும். 1927ஆம் ஆண்டுப் பதிவுச் சட்டத்தின் வேலை அது. ஆக, இங்கே உறுதிக்கு உயிர் கொடுப்பது நொத்தாரிசு.

இந்தியாவில் நோட்டரி முத்திரைக்கு நில விற்பனையில் எந்தச் சக்தியும் இல்லை. 1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டம், 54ஆம் பிரிவு: நூறு ரூபாயும் அதற்கு மேலும் மதிப்புள்ள நிலத்தின் விற்பனை பதிவான பத்திரத்தால் மட்டுமே நடக்கும். 1908ஆம் ஆண்டின் பதிவுச் சட்டம், 17ஆம் பிரிவு எவற்றைப் பதிய வேண்டும் என்று சொல்கிறது. 49ஆம் பிரிவு, பதியாவிட்டால் அந்தப் பத்திரம் நிலத்தைத் தொடாது, உரிமைக்குச் சான்றாக நீதிமன்றத்தில் ஏற்கப்படாது என்கிறது. அந்த நூறு ரூபாய் எல்லை இன்றும் அப்படியே நிற்கிறது. ஒரு நாள் மரக்கறிச் செலவுக்குக் காணாத தொகை இப்போது ஏக்கர் கணக்கான நிலத்துக்கு வாசற்படி.

49ஆம் பிரிவில் ஒரு சிறிய ஜன்னல் இருக்கிறது. பதியாத பத்திரத்தை உரிமைக்குக் காட்ட முடியாவிட்டாலும் பக்க நோக்கத்துக்குக் காட்டலாம். நிலம் எப்போது, எந்த வகையில் ஒருவர் கைக்கு வந்தது, பங்காளிகள் எப்போது தனித்தனியாகப் பிரிந்தார்கள் என்பது போன்றவற்றுக்கு அது உதவும். அதற்கும் முத்திரைத் தீர்வை கட்டியிருக்க வேண்டும். இல்லாவிட்டால் விட்டுப்போன தீர்வையையும் பத்து மடங்கு வரை தண்டத்தையும் கட்டிய பிறகே அந்த ஜன்னல் திறக்கும். வெளிநாட்டில் எழுதிய பத்திரத்துக்கு இந்தியா வந்த மூன்று மாதத்துக்குள் முத்திரை, நான்கு மாதத்துக்குள் பதிவு என்பது விதி. 1972இல் தாயகம் திரும்பியோருக்கான மண்டபம் முகாமில் இறங்கிய சித்தப்பாவிடம் இதை யார் சொல்லியிருப்பார்கள்?

அனுபவத்தால் வரும் உரிமையிலும் அதே தலைகீழ். இங்கே 1871ஆம் ஆண்டுச் சட்டப்படி பத்து வருடம். வடக்கில் அதை வைத்து ‘ஆட்சி உறுதி’ என்று ஒன்றை நொத்தாரிசிடமே எழுதிக்கொள்கிறார்கள். அங்கே 1963ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டப்படி தனியார் நிலத்துக்குப் பன்னிரண்டு வருடம், அரசு நிலத்துக்கு முப்பது. இலங்கையில் அரச காணிக்கு எத்தனை வருடம் என்ற கேள்வியே இல்லை. எவ்வளவு காலம் இருந்தாலும் ஆட்சியுரிமை வராது. தோட்டக் காணி 1970களின் காணிச் சீர்திருத்தத்தில் அரசுடைமையானது, பின்பு கம்பனிகளுக்குக் குத்தகையாகப் போனது. இருநூறு வருடம் அந்த மண்ணில் பிறந்து செத்தவர்கள் இன்னும் ஏழு பேர்ச்சஸ் வீட்டு நிலத்துக்குக் காத்திருப்பதற்குச் சட்டத்துக்குள் இருக்கும் காரணங்களில் இதுவும் ஒன்று. இதைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் துறையூர் போய்ச் சேரமாட்டேன்.

பட்டா: மலிவு, ஆனால் கூரை இல்லாத வீடு

இ-சேவை மையக்காரர் சொன்னதில் தவறில்லை, முழுமையில்லை. பட்டா மாற்றத்துக்கு விண்ணப்பித்தால் கிராம நிர்வாக அலுவலர், வருவாய் ஆய்வாளர், வட்டாட்சியர் என்று போகும். பிடிக்காவிட்டால் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு. செலவு குறைவு. 6,000 ரூபாயும் பயிர்க்கடனும் மட்டும் குறிக்கோள் என்றால் தம்பிக்கு, அதாவது சித்தப்பா மகனுக்கு, வேண்டியது இதுதான்.

ஆனால் பட்டா என்பது தீர்வை யாரிடம் வசூலிப்பது என்று வருவாய்த்துறை எழுதி வைத்திருக்கும் பெயர். அது உரிமை தராது, இருக்கும் உரிமையை அழிக்கவும் செய்யாது என்று இந்திய உச்ச நீதிமன்றம் பல முறை சொல்லியிருக்கிறது. 1980களில் முடிந்த, நில ஆவணங்களைப் புதுப்பித்த யூ.டி.ஆர். மறுபதிவில் பக்கத்து வயல்காரர் பெயர் ஏறிய கதைகள் தமிழ்நாட்டுக் கிராமங்களில் நிறைய. அப்படித் தவறாக ஏறிய பெயர் சொந்தக்காரரின் உரிமையைத் தின்றுவிடவில்லை என்பது நல்ல செய்தி. சரியாக ஏறிய பெயரும் கேடயமாகாது என்பது அதே செய்தியின் மறுபக்கம்.

நடைமுறையில் வேறொரு முட்டு. இறந்தவர் பெயரிலிருந்து மாற்ற வாரிசுச் சான்றிதழ் கேட்பார்கள். தாத்தா இறந்தது தலவாக்கலையில். மரணச் சான்றிதழ் இலங்கையில் பதிவானது. வாரிசுகளில் இரண்டு கிளை இலங்கைக் குடிமக்கள். இவ்வளவையும் பார்க்கும் வட்டாட்சியர், உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போங்கள் என்று எழுதிவிடுவதற்கே வாய்ப்பு அதிகம். தம்பியிடம் அவன் மட்டும்தான் வாரிசு என்று எழுதிக் கொடுத்தால் சுலபமாக முடியும் என்று ஒருவர் சொன்னாராம். அதைச் செய்தால் நானே எதிர்த்து வருவேன் என்று சொன்னேன். சிரித்தான். நான் சிரிக்கவில்லை.

ஐம்பது வருட உழவு: கடிதமும் புளியும்

ஊர்ப் பெரியவர் சொன்னதுதான் கேட்கக் காதுக்கு இனிமை. சித்தப்பா வீட்டிடம் பசலி (வருவாய்த்துறைக் கணக்காண்டு) 1382இலிருந்து கிஸ்தி (நிலவரி) ரசீதுகள் இருக்கின்றன. பசலியோடு 590 கூட்டினால் ஆங்கில ஆண்டு. அதாவது 1972 ஜூலையிலிருந்து. கிராமப் பயிர்க் கணக்கான அடங்கலில் பயிர் விவரம், கிணற்று மோட்டாருக்குச் சித்தப்பா பெயரில் மின் இணைப்பு. ஐம்பது வருட அனுபவத்துக்கு இதைவிடச் சுத்தமான வரிசை அமையாது. அதோடு 2019 ஆகஸ்டில் ரவீந்தர் கவுர் கிரேவால் வழக்கில் உச்ச நீதிமன்றம், எதிரிடை அனுபவ பாத்தியத்தைப் பிரதிவாதியாகத் தடுக்க மட்டுமல்லாமல், வாதியாக வழக்குப் போட்டுக் கேட்கவும் பயன்படுத்தலாம் என்று தெளிவாக்கியது.

அந்தச் சொல்லில் ‘எதிரிடை’ என்று ஒன்று இருக்கிறதே, அங்கேதான் சிக்கல். நிலம் உன்னுடையது என்று தெரிந்தும், உனக்குத் தெரியும்படியாக, உன் உரிமையை மறுத்து நான் பன்னிரண்டு வருடம் வைத்திருந்தேன் என்று தம்பி சொல்ல வேண்டும். கூர்ச்சீட்டோ, இது என் பங்கு, அண்ணன் கொடுத்தது என்று சொல்கிறது. ஒரே வாயால் இரண்டையும் சொன்னால் இரண்டும் கெடும்.

பங்காளிக்குள் இன்னும் இறுக்கம். கூட்டுச் சொந்தக்காரரில் ஒருவர் தனியாக உழுதார், விளைச்சலை அவரே வைத்துக்கொண்டார் என்பது மட்டும் போதாது. மற்றவர்களை வெளியே தள்ளினார் என்று காட்ட வேண்டும். 1957ஆம் ஆண்டுச் சட்ட அறிக்கையில் வந்த லட்சுமி ரெட்டி வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றம் இதை நிலைநாட்டியது. அந்தத் தீர்ப்பைத் தேடிப் படித்தபோது எனக்கு உட்கார்ந்த இடத்திலேயே சிரிப்பு வந்துவிட்டது. அவர்கள் மேற்கோள் காட்டியிருப்பது கொரேயா எதிர் அப்புஹாமி. 1912ஆம் ஆண்டுச் சட்ட அறிக்கையில் வந்த, லண்டன் பிரிவி கவுன்சில் தீர்த்த நம் இலங்கை வழக்கு! எங்கள் நொத்தாரிசு ஐயா வாரத்துக்கு ஒரு முறையாவது உச்சரித்த பெயர். இலங்கைக் காணிச் சண்டை ஒன்று துறையூர் வயலில் வந்து நிற்கிறது.

அப்புறம் கடிதங்கள். 1978இல் அப்பா எழுதியது சித்தப்பா வீட்டில் இருக்கிறது: பூமியைப் பார்த்துக்கொள், தங்கச்சிக்கும் அதில் ஒரு கண் உண்டு, மறந்துவிடாதே. சித்தப்பாவும் மறக்கவில்லை. நிலத்தோரத்துப் புளியமரத்துப் புளியை ஊருக்கு வந்து போகிறவர்கள் கையில் இங்கே அனுப்பிக்கொண்டே இருந்தார். பாசத்தால் அனுப்பிய அந்தப் புளியைச் சட்டம் பங்காளிக்குக் கொடுத்த மகசூல் என்று படிக்கும். அந்த ஒரு மூட்டை போதும், எதிரிடை என்ற சொல்லைக் கரைத்துவிட.

இந்த வழி எங்களுக்கு ஆகாது என்பதற்குச் சட்டத்தைவிடப் பெரிய காரணமும் உண்டு. வழக்கில் தம்பி சொல்ல வேண்டிய முதல் வாக்கியமே நீங்கள் எனக்கு எதிரி என்பது. எதற்கு?

இதையே அந்நியரிடம் வாங்கியவர் விடயத்தில் என் தீர்ப்பு வேறு. தாயகம் திரும்பியவர்களில் பலர் சேமலாப நிதிப் பணத்தைக் கொண்டு போய் ஊரில் துண்டு நிலம் வாங்கி, பத்து ரூபாய் முத்திரைத்தாளில் எழுதியதோடு நின்றுவிட்டார்கள். அந்தத் தாளின் வினைச்சொல்லைப் பார்க்க வேண்டும். ‘விற்றுவிட்டேன்’ என்றிருந்து பதிவாகாமல் போனால் விற்பனை செல்லாது. ஆனால் வாங்கியவர் அன்று முதல் தன்னுடையது என்றே வைத்திருக்கிறார், அவருடைய அனுபவம் விற்றவருக்கு எதிரிடையாக ஓட ஆரம்பிக்கும். ‘விற்பதாக ஒப்புக்கொள்கிறேன்’ என்றிருந்தால் அது கிரய ஒப்பந்தம். உள்ளே வந்தது உரிமையாளரின் அனுமதியில், பன்னிரண்டு வருடம் எண்ண முடியாது என்று 1990இல் உச்ச நீதிமன்றம் பிரித்துக் காட்டியது. ஒப்பந்தக்காரருக்கு இருக்கும் துணை சொத்து மாற்றுச் சட்டத்தின் 53ஏ பிரிவு: பணம் கொடுத்து நிலத்தில் இறங்கியவரைக் கொடுத்தவர் வெளியேற்ற முடியாது. 2001 செப்டம்பர் 24க்குப் பிறகு எழுதிய ஒப்பந்தம் என்றால் பதிவாகியிருந்தால்தான் அந்தத் துணையும். அதற்கு முந்திய பழைய தாள் வைத்திருப்பவர் அதை எக்காரணம் கொண்டும் தொலைக்கக் கூடாது.

விடுதலைப் பத்திரம்: நல்ல வழி, நமக்கு ஒரு பூட்டு

பத்திர எழுத்தரின் யோசனை எனக்கு முதலில் மிகவும் பிடித்தது. எல்லா வாரிசுகளும் தங்கள் பங்கைத் தம்பிக்கு விட்டுக்கொடுத்து எழுதிப் பதிந்துவிட வேண்டும். வில்லங்கச் சான்றில் ஏறும், வங்கி கேள்வி கேட்காது, நாளை விற்க நினைத்தாலும் வாங்குபவர் முகம் சுளிக்கமாட்டார். குடும்பத்துக்குள் என்றால் முத்திரைத் தீர்வையும் சலுகை விகிதம்தான். வாரிசுகள் அனைவரும் இந்தியக் குடிமக்களாக இருந்தால் இந்தக் கட்டுரையை இங்கேயே மூடிவிட்டுச் சார்பதிவாளர் அலுவலகம் போகச் சொல்வேன்.

நாங்கள் இலங்கைக் குடிமக்கள். இந்திய அந்நியச் செலாவணி விதிகள் பாகிஸ்தான், பங்களாதேஷ், இலங்கை, சீனா, நேபாளம் உள்ளிட்ட சில நாடுகளின் குடிமக்களைத் தனி வரிசையில் வைத்திருக்கின்றன. ரிசர்வ் வங்கியின் முன்அனுமதி இல்லாமல் இவர்கள் இந்தியாவில் அசையாச் சொத்தை வாங்கவும் முடியாது, கைமாற்றவும் முடியாது. ஐந்து வருடத்துக்கு மேற்படாத குத்தகை மட்டும் விலக்கு. 2019ஆம் ஆண்டு விதிகளின்படி வெளிநாடுவாழ் இந்தியக் குடிமகன் அட்டை வைத்திருப்பவருக்கு இந்தத் தடை இல்லை. எங்களில் எவரிடமும் அந்த அட்டை கிடையாது. பத்திர எழுத்தர் இதைப் பற்றி வாயே திறக்கவில்லை. அவருக்கு வாடிக்கையாக வருபவர்கள் துறையூர்க்காரர்கள், தலவாக்கலைக்காரர்கள் அல்லவே.

அனுமதி கேட்டு எழுதலாம், காத்திருக்கலாம். கிடைத்த பிறகு நாங்கள் போக வேண்டும். அல்லது அங்கே ஒருவருக்கு அதிகாரப் பத்திரம் கொடுக்க வேண்டும். அதை நம் பக்கத்து நொத்தாரிசு முன்னாலோ கண்டியிலுள்ள இந்திய உதவி உயர்ஸ்தானிகர் அலுவலகத்திலோ கையொப்பமிட்டு உறுதிப்படுத்தி அனுப்ப வேண்டும். அங்கே போய்ச் சேர்ந்த மூன்று மாதத்துக்குள் முத்திரை இட வேண்டும். 1972இல் சித்தப்பா தவறவிட்ட அதே மூன்று மாதம். எழுபது வயதை எட்டும் எனக்கு வரிசையில் நிற்கும் ஆசை குறைந்துவிட்டது. ஆனாலும் இந்த வழியை முழுமையாக மூடவில்லை.

பழைய சீட்டும் நீதிமன்ற ராஜியும்

வழக்கறிஞர் சொன்ன வழி கேட்டவுடன் தம்பி பயந்தான். வழக்கு என்றால் வாழ்நாள் என்று நினைத்திருந்தான். அவர் சொன்னது சண்டை வழக்கு இல்லை. எல்லோரும் ஒத்து வந்து ராஜியில் முடிக்கும் வழக்கு.

அதற்குக் கூர்ச்சீட்டு எவ்வளவு தாங்கும் என்று பார்த்தோம். குடும்ப ஏற்பாடு வாய்மொழியாகவே நடக்கலாம், நடந்து முடிந்ததை நினைவுக்காகப் பின்னால் எழுதி வைத்தால் அந்தக் குறிப்புக்குப் பதிவு தேவையில்லை என்று 1976இல் காலே வழக்கில் உச்ச நீதிமன்றம் விரிவாகச் சொன்னது. 2020இல் மறுபடியும் அதையே சொன்னபோது வழக்காளி அதே ரவீந்தர் கவுர் கிரேவால். ஒரே குடும்பச் சண்டை இரண்டு பெரிய கேள்விகளுக்கு விடை வாங்கிக் கொடுத்திருக்கிறது. ஆனால் எழுதும்போதே பிரிக்கிற சீட்டுக்குப் பதிவு வேண்டும். ‘பிரித்துக்கொண்டோம்’ என்றால் தப்பிக்கும், ‘இன்று பிரித்துக்கொள்கிறோம்’ என்றால் மாட்டிக்கொள்ளும். எங்கள் சீட்டில் ‘இன்று முதல்’ என்று அழகான கையெழுத்தில் இருக்கிறது. கணக்கப்பிள்ளைக்குக் கொழுந்து நிறுக்கத் தெரியும். இறந்தகாலத்துக்கு இவ்வளவு விலை என்று அவர் எப்படி அறிவார்?

ஆகவே சீட்டு உரிமைப் பத்திரம் ஆகாது. தண்டம் கட்டினால், 1972 முதல் சித்தப்பா கிளை தனியாக அனுபவித்தது என்பதற்குத் துணை நிற்கும். முப்பது வருடம் கடந்த, உரிய இடத்திலிருந்து வரும் பத்திரம் என்பதால் கையெழுத்தை நிரூபிக்கச் சாட்சிகளை எழுப்ப வேண்டியதில்லை. பழைய சாட்சியச் சட்டத்தின் 90ஆம் பிரிவு, 2024 ஜூலை முதல் நடைமுறையில் உள்ள புதிய சட்டத்தின் 92ஆம் பிரிவு, நீதிமன்றம் அதை உண்மையான கையெழுத்து என்று ஊகிக்க இடம் தருகிறது. உள்ளே எழுதியிருப்பது சரியா என்பதை அந்த ஊகம் தொடாது.

இவ்வளவு பார்த்த பிறகு எனக்கு விளங்கியது இது: பதிவில்லாதது எங்கள் சீட்டின் பெரிய ஓட்டை அல்ல. சீட்டை 1971லேயே துறையூர்ச் சார்பதிவாளரிடம் பதிந்திருந்தாலும் அது செல்லாக்காசாகவே இருந்திருக்கும், ஏனென்றால் மூன்றில் ஒரு பங்கு அங்கே உட்காரவே இல்லை. தாத்தா சம்பாதித்து வாங்கிய நிலம், உயில் இல்லை, 1956ஆம் ஆண்டின் இந்து வாரிசுரிமைச் சட்டப்படி மகனுக்கும் மகளுக்கும் சம பங்கு. அத்தையிடம் கேட்காமல் அண்ணனும் தம்பியும் அத்தையின் ஓர் ஏக்கரையும் சேர்த்துப் பிரித்துவிட்டார்கள். நான்கு வழிகளையும் இந்த ஒரே கேள்வியால் அளக்க வேண்டும் என்பது என் கட்சி: அத்தை எங்கே உட்காருகிறார்? பட்டாவில் உட்காரவில்லை. எதிரிடை அனுபவத்தில் வெளியே தள்ளப்பட வேண்டியவர். விடுதலைப் பத்திரத்தில் உட்காருகிறார், ரிசர்வ் வங்கி அனுமதித்தால். ராஜியில் பிரதிவாதியாக, பெயரோடு உட்காருகிறார்.

ராஜி இப்படிப் போகும். உரிமை விளம்பக் கோரித் தம்பி வழக்குத் தொடுப்பான். நானும் என் தங்கையும் அப்பா பிரித்துக் கொடுத்ததை ஒப்புக்கொள்வோம். 2011இல் காலமான அத்தையின் மூன்று பிள்ளைகளும் தங்கள் தாயின் பங்கைச் சொல்லி, பேசித் தீர்த்த தொகைக்கு விட்டுக்கொடுப்பார்கள். 1971இல் அத்தையும் சம்மதித்தார் என்று எல்லோரும் எழுதிக் கொடுத்தால் இன்னும் சுலபம் என்று ஒரு யோசனை வந்தது. அது பொய், அதில் நான் கையெழுத்திட மாட்டேன் என்றேன். வழக்குக்கு உட்பட்ட நிலத்தைப் பற்றிய ராஜித் தீர்ப்பாணைக்குப் பதிவு கட்டாயம் இல்லை என்று பதிவுச் சட்டத்தின் 17ஆம் பிரிவே விலக்குக் கொடுத்திருக்கிறது. லோக் அதாலத்தில் (மக்கள் நீதிமன்றத்தில்) முடித்தால் நீதிமன்றக் கட்டணம் திரும்பி வரும், மேல்முறையீடும் கிடையாது. தீர்ப்பாணை கையில் இருந்தால் வட்டாட்சியர் பட்டா மாற்றத் தயங்கமாட்டார்.

குடும்ப ஏற்பாட்டைக் கைமாற்றமாகப் பார்க்காமல், ஏற்கெனவே இருந்த உரிமையை ஒப்புக்கொள்வதாகப் பார்ப்பதே இந்திய நீதிமன்றங்களின் நீண்டகால வழக்கம். அத்தை பிள்ளைகள் பணம் வாங்கி விடும் பகுதிக்கும் அந்தப் பார்வை பொருந்துமா என்பதை ரிசர்வ் வங்கி விதியோடு ஒட்டிப் பார்த்து எழுத்தில் கருத்துத் தர வேண்டும் என்று வழக்கறிஞரிடம் கேட்டிருக்கிறேன். அதற்கு அவர் சாதகமாக எழுதினால் ராஜி. இல்லையென்றால் அத்தை கிளைக்கு மட்டும் ரிசர்வ் வங்கியிடம் விண்ணப்பம், பிறகு ராஜி. சும்மா விட்டுவிடலாம் என்று என் மகன் சொல்கிறான். இன்று ஐந்து கையெழுத்து. இன்னும் இருபது வருடத்தில் பதினெட்டு ஆகும், அதில் பாதி எந்த நாட்டில் இருக்குமோ.

அத்தை மகள் பண்டாரவளையிலிருந்து வந்திருந்தாள். தொகையைப் பற்றி அதிகம் பேசவில்லை. தீர்ப்பாணையில் அம்மாவின் பெயர், தாத்தாவின் மகள் என்று, எழுத்துப் பிழை இல்லாமல் வர வேண்டும் என்றாள். அத்தையின் பிறப்புச் சான்றிதழில் ஒரு பெயர், அடையாள அட்டையில் ஒரு பெயர், கல்யாணச் சான்றிதழில் வேறொன்று. மூன்றும் ஒருவரே என்று சத்தியக் கடதாசி முடிக்க வரும் வாரம் நுவரெலியாவுக்குப் போகிறோம். அவளுடைய கடைசித் தம்பி கத்தாரில் வேலை செய்கிறான். அவனுடைய அதிகாரப் பத்திரம் கண்டிக்குப் போகாது, டோஹாவிலுள்ள இந்தியத் தூதரகத்துக்குப் போக வேண்டும். விடுமுறை நாள் வெள்ளிக்கிழமை, அன்று தூதரகமும் மூடியிருக்கும் என்று குரல் செய்தி அனுப்பியிருக்கிறான்.